சேற்றுக்கும் ஒரு சாரம் உண்டா?

தலைமயிர், சேறு, அழுக்கு. இந்த மூன்றுக்கும் மாறாத, அழியாத வடிவம் என்று ஒன்று எங்காவது இருக்கிறதா என்று முதியவர் ஒருவர் கேட்கிறார். எதிரே நிற்கும் இளைஞருக்கு நாக்கு ஒட்டிக்கொள்கிறது. நீதிக்கு உண்டா, அழகுக்கு உண்டா என்று கேட்டபோது 'உண்டு' என்று சட்டென்று சொன்னவர்தான் அவர். மனிதனுக்கு, நெருப்புக்கு, நீருக்கு என்று கேள்வி இறங்கியபோதே தயங்கத் தொடங்கினார். சேற்றுக்கு வந்ததும் பின்வாங்கிவிடுகிறார். அதற்கும் ஒரு வடிவம் என்றால் கேலிக்கூத்தாகிவிடாதா? ஆனாலும், ஒன்றுக்கு உண்டென்றால் எல்லாவற்றுக்கும் உண்டென்றுதானே ஆக வேண்டும் என்ற எண்ணம் சில நேரம் தன்னை அரிக்கிறது என்று ஒப்புக்கொள்கிறார். அந்த எண்ணம் தலைதூக்கும்போதெல்லாம் அபத்தத்தின் படுகுழியில் விழுந்துவிடுவோமோ என்று பயந்து ஓடிவிடுகிறாராம்.

கேட்டவர் பார்மெனிடீஸ். தெற்கு இத்தாலியில் கிரேக்கர் குடியேறிய எலியா நகரத்துக்காரர். அப்போது வயது ஏறத்தாழ 65. ஓடிவிடுவதாகச் சொன்னவர் சாக்ரடீஸ். பிளேட்டோ எழுதிய 'பார்மெனிடீஸ்' உரையாடலில் வரும் காட்சி இது. இந்தச் சந்திப்பு உண்மையில் நடந்ததா என்று துருவ வேண்டியதில்லை; பிளேட்டோ எழுதியது நாடகம், நாட்குறிப்பு இல்லை. கவனிக்க வேண்டியது முதியவரின் பதில். நீ இன்னும் இளையவன், ஊரார் என்ன நினைப்பார்களோ என்று பார்க்கிறாய். தத்துவம் உன்னை முழுதாகப் பிடித்துக்கொள்ளும் நாளில் இவற்றில் எதையும் இழிவாக எண்ணமாட்டாய் என்கிறார் அவர்.

பொதுமை, சாரம், அறிவு என்ற மூன்று கிரேக்கச் சிக்கல்களையும் வழக்கமாக நீதியையும் அழகையும் வைத்தே விளக்குவார்கள். எனக்கு அவை பிடிபட்டது இந்தச் சேற்றில்தான்.

சிக்கல் மிகச் சாதாரணமான இடத்தில் தொடங்குகிறது. ஒரே சொல்லைப் பலவற்றின் மீது போடுகிறோம். இந்தக் குதிரை, அந்தக் குதிரை, நேற்றுச் செத்த குதிரை, நாளை பிறக்கப்போகும் குதிரை, எல்லாமே 'குதிரை'. இத்தனைக்கும் பொதுவாக இருப்பது எது? குதிரைகளுக்குள் இருக்கிறதா, வெளியே இருக்கிறதா, நம் மனத்தில் இருக்கிறதா, வெறும் வாய்ச்சொல்தானா? இது பொதுமை பற்றிய கேள்வி. எது போய்விட்டால் குதிரை குதிரையாக இல்லாமல் போகும் என்பது சாரம் பற்றிய கேள்வி. கண்ணில் படுவது எப்போதும் ஏதோ ஒரு குதிரை, மணலில் கீறிய ஏதோ ஒரு முக்கோணம். கணிதமோ எல்லா முக்கோணங்களைப் பற்றியும் பேசுகிறது. அப்படியென்றால் அறிவு என்பது எதை அறிவது? ஒரே முடிச்சின் மூன்று நுனிகள் இவை. ஒன்றை இழுத்தால் மற்ற இரண்டும் இறுகும்.

பிளேட்டோவுக்கு இந்த முடிச்சு எங்கிருந்து வந்தது என்று அரிஸ்டாட்டில் சொல்லியிருக்கிறார். இளம் வயதில் பிளேட்டோ கிராட்டிலஸ் என்பவரோடு பழகினார். எல்லாம் ஓடிக்கொண்டே இருக்கிறது, ஒரே ஆற்றில் இரண்டு முறை இறங்க முடியாது என்ற ஹெராக்ளீட்டஸின் கருத்தை இன்னும் ஒரு படி மேலே கொண்டுபோனவர் கிராட்டிலஸ். ஒரு முறைகூட இறங்க முடியாது என்றார். கடைசியில் எதைச் சொன்னாலும் சொல்லி முடிப்பதற்குள் அது மாறிவிடுகிறது என்று பேச்சையே விட்டுவிட்டு விரலை மட்டும் அசைத்துக்கொண்டிருந்தாராம். சிரிப்பு வந்தாலும், அந்த விரலசைவில் நேர்மை இருக்கிறது. நிற்காத ஒன்றுக்கு எப்படிப் பெயர் வைப்பது? பெயரே நிற்காதபோது அறிவு எப்படி நிற்கும்?

மறுபக்கம் சாக்ரடீஸ். அவருக்கு ஆற்றைப் பற்றிக் கவலை இல்லை. அவர் கேட்டதெல்லாம் 'அது என்ன?' என்ற ஒன்றுதான். தெசலி நாட்டுச் செல்வந்த இளைஞன் மெனோவிடம் நற்பண்பு என்றால் என்ன என்று கேட்கிறார். அவன் உற்சாகமாக அடுக்குகிறான்: ஆணின் நற்பண்பு ஊரை நிர்வகிப்பது, பெண்ணுடையது வீட்டைப் பேணுவது, குழந்தைக்கு ஒன்று, முதியவருக்கு ஒன்று, அடிமைக்கு ஒன்று. ஒன்றைக் கேட்டேன், தேனீக் கூட்டத்தையே அவிழ்த்துவிட்டாயே என்கிறார் சாக்ரடீஸ். தேனீக்கள் நிறத்தில், அளவில் வேறுபடலாம். ஆனால் தேனீயாக இருப்பதில் ஒன்றுக்கொன்று வேறுபடுகின்றனவா? அந்த 'தேனீயாக இருப்பது' எதுவோ, அதைச் சொல் என்பதே அவர் கேட்டது.

இந்த இரண்டையும் சேர்த்து முடிச்சிட்டால் கிடைப்பது பிளேட்டோவின் வடிவக் கோட்பாடு. உலகப் பொருள்கள் ஓடட்டும். ஒரே பெயர் தாங்கிய பலவற்றுக்கும் மேலே ஓடாத ஒன்று இருக்கிறது. பொருள்கள் அதில் பங்குபெறுகின்றன. அறிவு என்பது அதைப் பற்றியது. அதற்கு அவர் கையாண்ட கிரேக்கச் சொல் 'எய்டோஸ்'. வானத்திலிருந்து இறங்கிய சொல் இல்லை அது. 'பார்த்தல்' என்ற வேரிலிருந்து வந்து, ஒன்றின் தோற்றத்தை, சாயலைக் குறித்து வழங்கிய சாதாரணச் சொல். கண்ணால் காண முடியாத ஒன்றுக்குக் கண்ணோடு தொடர்புடைய சொல்லையே பிளேட்டோ வைத்தது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை. மனத்துக்கும் ஒரு கண் உண்டு என்பதே அவர் நம்பிக்கை.

அந்தக் கண்ணை 'மெனோ' என்ற உரையாடல் நூலில் வேலை செய்ய வைத்துக் காட்டுகிறார். மெனோவின் அடிமைகளில் ஒரு சிறுவனை அழைக்கிறார்கள். அவன் பெயரைக்கூட நூல் சொல்லவில்லை. தரையில் பக்கம் 2 அடி உள்ள சதுரம். பரப்பு 4 சதுர அடி. இதைப்போல் இருமடங்கு பரப்புள்ள சதுரத்துக்குப் பக்கம் எவ்வளவு? இருமடங்கு என்றால் 4 அடி என்கிறான் சிறுவன். வரைந்து பார்த்தால் பரப்பு 16 வருகிறது. அப்படியானால் 3 அடி என்கிறான், 9 வருகிறது. தேவை 8. இப்போது அவனுக்குத் தெரியாது என்பது அவனுக்கே தெரிகிறது. பிறகு சாக்ரடீஸ் மூலைவிட்டத்தை வரைகிறார், கேள்விகளை அடுக்குகிறார், மூலைவிட்டத்தின் மீது எழுப்பும் சதுரமே விடை என்று சிறுவன் கண்டுகொள்கிறான். யாரும் பாடம் நடத்தவில்லை, ஆன்மா முன்பே அறிந்ததை நினைவுகூர்கிறது என்று சாக்ரடீஸ் முடிக்கிறார். அவர் கேட்ட கேள்விகளிலேயே பாதி விடை இருந்தது என்று முணுமுணுக்கத் தோன்றும்தான். ஆனாலும் அந்த '16' என்ற இடத்தில் சிறுவன் தன் தவறைத் தானே பார்த்துவிடுகிறானே, அதை யார் சொல்லிக்கொடுத்தது?

அதே நூலில் அறிவைப் பற்றி இன்னொரு படம் வருகிறது. லாரிசா ஊருக்கு வழி தெரிந்தவனும், தெரியாமல் சரியாக ஊகித்தவனும் ஒரே இடத்துக்குத்தான் போய்ச் சேர்வார்கள். அப்புறம் அறிவு எதற்கு, சரியான எண்ணம் போதாதா? பழங்கதைச் சிற்பி டெடலஸ் செய்த சிலைகள் கட்டிவைக்காவிட்டால் எழுந்து ஓடிவிடும் என்று ஊரில் கதை. சரியான எண்ணங்களும் அப்படித்தான். 'ஏன்' என்ற காரணத்தால் கட்டிவைத்தால்தான் அவை மனத்தில் தங்கும். கட்டியபின்தான் அவற்றுக்கு அறிவு என்று பெயர். இந்தக் 'காரணம்' என்ற கயிற்றை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

'தியேட்டீட்டஸ்' என்ற நூலில் சேறு திரும்பி வருகிறது. இப்போது சாக்ரடீஸ் கிழவர், கி.மு. 399. அறிவு என்றால் என்ன என்று கணித மாணவன் தியேட்டீட்டஸிடம் கேட்கிறார். அவன் வடிவியல், செருப்புத் தைக்கும் தொழில் என்று பட்டியல் போடுகிறான். சேறு என்றால் என்ன என்று ஒருவர் கேட்க, குயவனின் சேறு, அடுப்புச் செய்பவனின் சேறு, செங்கல் அறுப்பவனின் சேறு என்று அடுக்கினால் எவ்வளவு அபத்தம் என்று சாக்ரடீஸ் சிரிக்கிறார். மண்ணோடு நீர் கலந்தால் சேறு, அவ்வளவுதானே! இரண்டு நூல்களிலும் கிரேக்கத்தில் அதே 'பெலோஸ்' என்ற சொல்தான். இளமையில் ஓடிப்போகவைத்த சேற்றுக்கு முதுமையில் ஒரே மூச்சில் இலக்கணம் சொல்லிவிடுகிறார். பிளேட்டோ இதை வேண்டுமென்றே செய்தாரா என்பதற்கு என்னிடம் ஆதாரம் இல்லை. ஆனால் படிக்கிறவனுக்கு முதியவர் பார்மெனிடீஸின் முகம் நினைவுக்கு வராமல் போகாது.

சேற்றுக்குக் கிடைத்த இலக்கணம் அறிவுக்குக் கிடைக்கவில்லை. அறிவு என்பது புலனுணர்வு என்றால், ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு மாதிரி தெரிவதெல்லாம் அறிவாகிவிடும். சரியான எண்ணம் என்றால், நீதிமன்றத்தைப் பாருங்கள் என்கிறார் சாக்ரடீஸ். நீர்க்கடிகாரம் ஒழுகி முடிவதற்குள் ஒரு பேச்சாளர், எதையும் கண்ணால் காணாத நடுவர்களை உண்மையையே நம்பவைத்துவிடலாம். நடுவர்கள் நம்பியது சரி. ஆனால் அவர்களுக்குத் தெரியுமா? சரியான எண்ணத்தோடு விளக்கமும் சேர்ந்தால் அறிவு என்ற மூன்றாவது முயற்சியும் உடைகிறது. கைகள் வெறுமையாகவே உரையாடல் முடிகிறது. எழுந்து நிற்கும் சாக்ரடீஸ், மெலிட்டஸ் தன்மேல் தொடுத்த வழக்குக்காக அரசமண்டபத்துக்குப் போக வேண்டும் என்கிறார். அந்த வழக்கில்தான் நடுவர்கள் அவருக்கு மரண தண்டனை விதித்தார்கள். நடுவர்களைப் பற்றிய உதாரணம் அப்போதுதான் நமக்கு உறைக்கிறது.

வடிவக் கோட்பாட்டுக்கு வந்த கூர்மையான எதிர்ப்பைப் பிளேட்டோவே எழுதிவைத்தார் என்பது அவர்மேல் எனக்கிருக்கும் மரியாதையைக் கூட்டுகிறது. அதுவும் பார்மெனிடீஸ் வாயிலாகத்தான். பெரிய பொருள்கள் பலவற்றைப் பார்த்து, இவற்றுக்குப் பொதுவாக 'பெரிதாக இருத்தல்' என்ற வடிவம் ஒன்று உண்டு என்கிறாய். அந்த வடிவத்தையும் பெரிய பொருள்களையும் சேர்த்து ஒருமுறை பார். இவை எல்லாவற்றையும் பெரியவை ஆக்க இன்னொரு வடிவம் வேண்டாமா? அதையும் சேர்த்தால் மற்றொன்று. ஒன்றென்று சொல்லப் புறப்பட்டது எண்ணற்றதாகிறது. மனிதர்கள், மனித வடிவம், இரண்டுக்கும் பொதுவான இன்னொரு மனிதன் என்று இதே வாதத்தை அரிஸ்டாட்டில் 'மூன்றாம் மனிதன்' என்று குறிப்பிடுவார். பிளேட்டோ இதற்கு நேரடியான விடை எதையும் அந்த நூலில் தரவில்லை.

தத்துவர்கள் இப்படி மல்லுக்கட்ட, ஏதென்ஸ் வேடிக்கை பார்த்துச் சிரித்தது. எபிக்ரட்டீஸ் என்ற நகைச்சுவை நாடகாசிரியரின் ஒரு துண்டுப் பகுதி கிடைத்திருக்கிறது. பிளேட்டோ நடத்திய தத்துவப் பள்ளியான அகாதமியில் இளைஞர்கள் ஒரு பூசணிக்காயைச் சுற்றிக் குனிந்து நிற்கிறார்கள். அது எந்த இனம்? உருண்டைக் காய்கறி என்கிறான் ஒருவன், புல் என்கிறான் ஒருவன், மரம் என்கிறான் இன்னொருவன். கேட்டுக்கொண்டிருந்த சிசிலி மருத்துவர் ஒருவர் சத்தமாகக் காற்றுப் பிரித்துத் தன் கருத்தைத் தெரிவிக்கிறார். சினோப்பே ஊர் டயோஜனிஸைப் பற்றியும் கதைகள் உண்டு. மனிதன் என்பவன் இறகில்லாத இருகால் பிராணி என்று பிளேட்டோ சொல்லிக் கைதட்டல் வாங்கியபோது, டயோஜனிஸ் ஒரு சேவலின் இறகுகளைப் பிடுங்கிக் கொண்டுவந்து, 'இதோ பிளேட்டோவின் மனிதன்' என்றாராம். இலக்கணத்தில் 'அகலமான நகங்களுடைய' என்ற அடைமொழி சேர்ந்ததாம். நூற்றாண்டுகள் கழித்து எழுதப்பட்ட கதை; நம்பலாம், நம்பாமலும் விடலாம். ஆனால் அதில் ஒரு நல்ல பாடம் ஒளிந்திருக்கிறது. இறகில்லாமையையும் நகத்தையும் வைத்து மனிதனைப் பிரித்தறிந்துவிட முடியும். பிரித்தறிவது வேறு, மனிதன் ஏன் அப்படி இருக்கிறான் என்று அறிவது வேறு.

அரிஸ்டாட்டில் நுழையும் இடம் அதுதான். வடகிரேக்கத்தின் ஸ்டகிராவில் கி.மு. 384இல் பிறந்த மருத்துவர் மகன். 17 வயதில் அகாதமிக்கு வந்து 20 ஆண்டுகள், பிளேட்டோ இறக்கும்வரை, அங்கே இருந்தவர். ஓரிடத்தில் வடிவங்களுக்கு விடைகொடுத்துவிடலாம், அவை வெறும் கீச்சொலிகள் என்று வெடுக்கென்று எழுதிவிடுகிறார். இன்னோரிடத்தில், வடிவங்களைக் கொண்டுவந்தவர்கள் நண்பர்கள் என்பதால் மறுத்துப் பேசச் சங்கடமாக இருக்கிறது, ஆனால் இரண்டும் பிரியமானவையாக இருக்கும்போது உண்மையை முன்வைப்பதே கடமை என்று குழைகிறார். இருபதாண்டுக் குருகுல வாசம் அப்படி எளிதில் விடுவதில்லை.

முதலில் இருப்பது எது என்று கேட்டால் அவர் காட்டுவது இந்த மனிதன், இந்தக் குதிரை. அதற்கு வைத்த சொல் 'ஊசியா'. ஏதென்ஸ் தெருவில் அந்தச் சொல்லுக்கு நிலபுலன், சொத்து என்று அர்த்தம். நம் 'பொருள்' என்ற சொல்லும் செல்வத்தையும் குறிக்கும், இருப்பதையும் குறிக்கும். போதாக்குறைக்குச் சொல்லின் அர்த்தத்தையும் குறிக்கும். மொழிபெயர்ப்பவருக்கு இதைவிட நல்ல சொல் வாய்க்காது. குதிரை என்ற பொதுமை குதிரைகளை விட்டுத் தனியே எங்கும் நிற்பதில்லை. குதிரைகள் எல்லாம் அழிந்தால் அதுவும் இல்லை.

சாரத்துக்கு அவர் உருவாக்கிய தொடர் கரடுமுரடானது. 'அதுவாக இருப்பது என்னவாக இருந்ததோ அது' என்று சொல்லுக்குச் சொல் வைத்தால் அப்படித்தான் வரும். அதை விளக்க அவர் அடிக்கடி எடுத்துக்கொள்வது ஒரு சப்பை மூக்கு. குழிவு என்பதைக் கிண்ணத்திலும் காணலாம், கரண்டியிலும் காணலாம். எதிலும் இல்லாமல் கணிதர் மனத்திலும் நினைக்கலாம். ஆனால் சப்பை என்றால் மூக்கில்தான். மூக்கைச் சேர்க்காமல் அதற்கு இலக்கணமே சொல்ல முடியாது. மனிதன், செடி, மீன் எல்லாமே சப்பை மூக்கு மாதிரி. சதையையும் எலும்பையும் கழித்துவிட்டு அவற்றின் சாரத்தைப் பேச முடியாது. சாக்ரடீஸுக்கும் தியேட்டீட்டஸுக்கும் சப்பை மூக்கு என்று பிளேட்டோ எழுதியிருப்பதைத் தெரிந்தவர்களுக்கு இந்த உதாரணம் கூடுதலாக இனிக்கும்.

சாரத்தை அறிவோடு சேர்த்துத் தைப்பது அந்தப் பழைய கயிறு, காரணம். சந்திர கிரகணம் என்றால் என்ன? பூமி குறுக்கே வந்து மறைப்பதால் நிலவு ஒளி இழப்பது. கிரகணம் ஏன் உண்டாகிறது? பூமி குறுக்கே வந்து மறைப்பதால். என்ன என்பதும் ஏன் என்பதும் ஒன்றே என்கிறார் அரிஸ்டாட்டில். இதுதான் இந்த முழுக் கதையிலும் எனக்கு மிகப் பிடித்த கருத்து. சாரம் என்பது பொருளின் நெற்றியில் ஒட்டிய சீட்டு இல்லை. அதன் மற்ற குணங்கள் எதிலிருந்து புறப்படுகின்றனவோ அந்த ஊற்று. நாம் நிலவின்மேல் நின்றுகொண்டிருந்தால் கிரகணம் உண்டா என்றும் கேட்கமாட்டோம், ஏன் என்றும் கேட்கமாட்டோம், கண்ணெதிரே விளங்கிவிடும் என்றும் ஒரு கற்பனையை எழுதிவைத்திருக்கிறார். அதே முறையில் இடிக்குச் சொன்ன காரணம், மேகத்துக்குள் நெருப்பு அணையும் ஓசை என்பது. அது தவறு. முறை சரியாக இருந்தும் விடை தவறலாம்.

பொதுமை மனத்துக்குள் எப்படி வந்து சேர்கிறது? முற்பிறவி நினைவு அவருக்குத் தேவைப்படவில்லை. புலன்கள் தருகின்றன, நினைவு தங்குகிறது, பல நினைவுகள் ஒரு அனுபவமாகின்றன, அனுபவத்திலிருந்து பொதுமை எழுகிறது. போரில் சிதறி ஓடும் படையில் ஒருவன் திரும்பி நிற்க, அவனைப் பார்த்து அடுத்தவன் நிற்க, இன்னொருவன் நிற்க, அணி மறுபடி உருவாவது போல என்கிறார். கிராட்டிலஸின் ஆற்றுக்கு இதைவிட நல்ல பதிலை நான் படித்ததில்லை. ஓடுவதற்குள்ளேயே நிற்றல் தொடங்குகிறது.

பிளேட்டோ இறந்தபின் லெஸ்போஸ் தீவில் தங்கியபோது அங்கிருந்த காயலில் மீனையும் கணவாயையும் அரிஸ்டாட்டில் ஆராய்ந்தார். கோழி முட்டைகளை நாள்வாரியாக உடைத்துப் பார்த்து, மூன்றாம் நாளில் வெள்ளைக் கருவில் ஒரு ரத்தப் புள்ளி உயிருள்ளதுபோல் துடிப்பதைக் குறித்துவைத்தார், அதுதான் இதயம். இழிந்த பிராணிகளை ஆராயச் சிறுபிள்ளைபோல் முகம் சுளிக்கக் கூடாது என்று எழுதும்போது ஒரு கதை சொல்கிறார். ஹெராக்ளீட்டஸைக் காண வந்தவர்கள், அவர் அடுப்பருகே குளிர்காய்வதைப் பார்த்து வாசலில் தயங்கி நின்றார்களாம். தயங்காமல் வாருங்கள், இங்கேயும் கடவுளர் இருக்கிறார்கள் என்றாராம் அவர். சேற்றைக் கண்டு ஓடிய இளைஞருக்குப் பார்மெனிடீஸ் சொன்ன ஆரூடம் இங்கேதான் பலிக்கிறது.

முடிச்சு முழுதாக அவிழ்ந்துவிடவில்லை. இருப்பவை தனிப்பொருள்கள், அறிவோ பொதுமையைப் பற்றியது என்றால், உண்மையில் இருப்பதை நாம் அறியவே இல்லையா? மருத்துவர் குணமாக்குவது மனிதனை இல்லை, காலியாஸ் என்ற ஒருவனை, அல்லது சாக்ரடீஸை என்று அரிஸ்டாட்டிலே எழுதுகிறார். இதற்கு அவர் தரும் விடைகளை ஒன்றோடொன்று பொருத்த அறிஞர்கள் இன்றும் அடித்துக்கொள்கிறார்கள். ஏறத்தாழ ஆறு நூற்றாண்டுகள் கழித்து போர்ஃபிரி என்ற தத்துவர், பொதுமைகள் தாமே இருக்கின்றனவா, வெறும் எண்ணங்களா, உடலுள்ளவையா, பொருள்களை விட்டுத் தனியே நிற்பவையா என்று கேட்டுவிட்டு, இது மிக ஆழமான விஷயம் என்று ஒதுங்கிக்கொண்டார். அந்த வரிகளைப் பொயேத்தியஸ் லத்தீனுக்குக் கொண்டுபோக, இடைக்கால ஐரோப்பா பல நூற்றாண்டுகள் அவற்றை வைத்துச் சண்டை போட்டது.

கணவாயிடம் காட்டிய பொறுமையை அரிஸ்டாட்டில் மனிதனிடம் எப்போதும் காட்டவில்லை. 'அரசியல்' நூலில் சிலர் இயற்கையிலேயே அடிமைகள் என்கிறார். அடிமைத்தனம் வெறும் வழக்கத்தால் வந்தது, இயற்கைக்கு விரோதமானது என்று வாதிட்டவர்கள் அன்றே இருந்தார்கள். அவரே அவர்களைக் குறிப்பிடுகிறார். சுதந்திரமானவன் உடலும் அடிமையின் உடலும் வேறுவேறாக இருக்க வேண்டும் என்றே இயற்கை விரும்புகிறது, ஆனால் பல நேரம் நேர்மாறாக அமைந்துவிடுகிறது என்றும் எழுதுகிறார். முட்டையில் இப்படி ஒரு முரண்பாட்டைக் கண்டிருந்தால் கோட்பாட்டைத் திருத்தியிருப்பார். மெனோவின் பெயரில்லாச் சிறுவன் சதுரத்தை இருமடங்காக்கிய கதை அவர் அறியாதது இல்லை.

கி.மு. 322இல் கால்கிஸில் இறந்தபோது அவர் விட்டுச்சென்ற உயிலில், தனக்குப் பணிவிடை செய்த சிறுவர்களில் எவரையும் விற்கக் கூடாது, வயது வந்தபின் தகுதிக்கேற்ப விடுவிக்க வேண்டும் என்று இருக்கிறது. 'அரசியல்' ஏழாம் பகுதியிலும் எல்லா அடிமைகளுக்கும் விடுதலையைப் பரிசாக முன்வைப்பதே நல்லது என்கிறார். ஏன் என்பதைப் பின்னால் சொல்கிறேன் என்று அந்த இடத்தில் வாக்குக் கொடுக்கிறார். நமக்குக் கிடைத்திருக்கும் நூலில் அந்தக் காரணம் எங்கும் வரவில்லை.